82 நாள் சொல்லாத முடிவு: போக்குவரத்து உரிம அதிகாரிகளுக்கு ஒரு திறந்த மடல்

ஓட்டுநர் உரிமம், வாகன உரிமம், தொழில்முறை ஓட்டுநர் உரிமம் பற்றியெல்லாம் முடிவெடுக்கும் அதிகாரிகளுக்கு,

வணக்கம். சிங்கப்பூரில் எங்கள் வட்டாரத்து நாடாளுமன்ற உறுப்பினர் குடியிருப்பாளர்களின் குறைகளைக் கேட்கும் மக்கள் சந்திப்பு நிகழ்ச்சியில் வாரம் ஒரு மாலை உட்கார்ந்து, வருகிறவர்களுக்குக் கடிதம் எழுதித் தரும் தொண்டூழியர் நான். பன்னிரண்டு ஆண்டுகளாக இந்த வேலையைச் செய்கிறேன். எத்தனையோ பேருக்கு எழுதிக் கொடுத்திருக்கிறேன். இந்த மடலை எழுதக் காரணம், என் சொந்தக் குடும்பத்துக்கு வராமலே போன ஒரு கடிதம்.

என் அக்காவின் கணவர் இருபத்தாறு ஆண்டாக லாரி ஓட்டுகிறார். விடிகாலை மூன்று மணிக்குப் பாசிர் பாஞ்சாங் மொத்தச் சந்தையில் காய்கறி ஏற்றினால், ஏழு மணிக்குள் நான்கு ஈரச்சந்தைகளில் இறக்கி முடித்துவிடுவார். சென்ற ஆண்டு மே மாதம் ஒரு நாள் வீட்டில் மயங்கி விழுந்தார். சர்க்கரை இறங்கிவிட்டது. மருத்துவர் மருந்தை மாற்றிக் கொடுத்தார், அப்புறம் அப்படி நடக்கவில்லை. ஆனாலும் உரிம அலுவலகம் மருத்துவ அறிக்கை கேட்டது. கேட்டது சரிதான். லாரி ஓட்டுகிறவருக்கு மயக்கம் வருமா என்று பார்ப்பது உங்கள் கடமை. அத்தான் அறிக்கையைக் கொடுத்தார். முடிவு தெரியும்வரை இப்போதுள்ள உரிமத்தில் ஓட்டலாம், முடிவு தபாலில் வரும் என்று கவுண்டரில் சொன்னார்கள்.

அன்றிலிருந்து தினமும் மாலையில் தபால் பெட்டியைத் திறந்து பார்ப்பது அவருக்கு ஒரு வேலையாகிவிட்டது. புளோக்கின் கீழே மின்தூக்கிக்குப் பக்கத்தில் இருக்கும் பெட்டிகளில் அவர்களுடையது மூன்றாவது வரிசை. பூட்டு கொஞ்சம் மக்கர் பண்ணும். சாவியை லேசாகத் தூக்கிப் பிடித்துத்தான் திருப்ப வேண்டும். குளிர்சாதனம் கழுவித் தருகிறோம் என்று ஒரு தாள், வீடு விற்கவா என்று கேட்டு ஒரு தாள், தண்ணீர் மின்சாரக் கட்டணம். இவ்வளவுதான் வந்தது. ஜூன் போனது, தீபாவளியும் போனது.

டிசம்பர் 2-ஆம் தேதி நானும் அவரும் நேரில் போய்க் கேட்டோம். எந்த அலுவலகம் என்று இங்கே எழுதப் போவதில்லை. கவுண்டரில் இருந்தவர் இளம்பெண், மரியாதையாகப் பேசினார். அடையாள அட்டை எண்ணைத் தட்டினார், கொஞ்ச நேரம் திரையையே பார்த்தார். பிறகு, கனரக வாகன வகுப்பை ரத்து செய்து முடிவெடுத்து ரொம்ப நாளாகிவிட்டதே, உங்களுக்குத் தெரியாதா என்று கேட்டார். நாங்கள் விழித்ததைப் பார்த்துத் திரையைச் சற்றே எங்கள் பக்கம் திருப்பினார். ஒரு வரியில் செப்டம்பர் 11 என்று தேதி. அதற்குப் பக்கத்தில் முடிந்தது என்ற குறிப்பு. அதற்கும் அடுத்து, கடிதம் அனுப்பிய நாள் என்று ஒரு கட்டம். அது காலியாக இருந்தது.

அத்தான் கோபப்படவில்லை. "அப்போ இத்தனை நாளா நான் ஓட்டினது?" என்று மட்டும் என்னிடம் கேட்டார்.

அந்தக் கேள்விக்கு அங்கே யாரிடமும் பதில் இல்லை. செப்டம்பர் 11-லிருந்து டிசம்பர் 2 வரை 82 நாள். வாரத்துக்கு ஆறு நாள் அவர் லாரியை எடுத்திருக்கிறார். செல்லுபடியாகும் உரிமம் இல்லாமல் ஓட்டினால் முதல் முறைக்கே 10,000 வெள்ளி வரை அபராதம், 3 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும் என்று நம் சாலைப் போக்குவரத்துச் சட்டம் சொல்கிறது. அந்த 82 நாளில் ஒரு சின்ன மோதல் நடந்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? உரிமம் இல்லாதவர் ஓட்டினால் பொறுப்பேற்க முடியாது என்று காப்புறுதி நிறுவனம் சொல்லியிருக்கும். முதலாளி நடுத்தெருவில் நின்றிருப்பார். ஏ4 தாள் ஒன்றை உறையில் போடாததால், நேர்மையாக உழைக்கிற ஒருவர் தனக்கே தெரியாமல் குற்றவாளி ஆகும் நிலை.

உங்கள் பக்கம் நின்று யோசித்தாலும் இது பொருந்தவில்லை. அவர் லாரி ஓட்டுவது மற்றவர்களுக்கு ஆபத்து என்று செப்டம்பரிலேயே நீங்கள் முடிவுக்கு வந்துவிட்டீர்கள். அப்படியானால் அன்று மாலையே தொலைபேசியில் கூப்பிட்டுச் சொல்லியிருக்க வேண்டாமா? அதை ஒரு கோப்புக்குள் எழுதி வைத்ததால் சாலையில் போகிறவர்களில் ஒருவருக்காவது பாதுகாப்பு கூடியதா? மறுநாள் மூன்று மணிக்கும் அந்த லாரி கிளம்பியது. சொல்லாத முடிவு அத்தானையும் காப்பாற்றவில்லை, மற்றவர்களையும் காப்பாற்றவில்லை.

அதைவிட எனக்கு வலித்தது அடுத்து நடந்தது. மேல்முறையீடு செய்கிறோம் என்றோம். அதற்கான காலம் அக்டோபரிலேயே முடிந்துவிட்டது என்றார்கள். முடிவு இருப்பதே தெரியாத ஒருவர் அதை எதிர்த்து அக்டோபருக்குள் எப்படி மனுப் போடுவார்? அன்றிரவு எங்கள் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து நானே கடிதம் எழுதினேன். இரண்டு வாரம் கழித்துப் பதில் வந்தது. இந்த ஒரு முறை சலுகையாக மேல்முறையீட்டை ஏற்றுக்கொள்வதாக எழுதியிருந்தார்கள். மறுபடி பரிசோதனை, மறுபடி அறிக்கை. பிப்ரவரி கடைசியில் உரிமம் திரும்பக் கிடைத்தது. நடுவில் கிட்டத்தட்ட மூன்று மாதச் சம்பளம் போய்விட்டது. கிடைத்ததற்கு நன்றி. ஆனால் சலுகை என்ற அந்தச் சொல்லை நான் ஏற்கவில்லை. அதைப் பற்றித்தான் இந்த மடல்.

நான் வழக்கறிஞர் இல்லை. ஆனால் அந்த மூன்று மாதத்தில் தேசிய நூலகத்தில் நிறைய நேரம் உட்கார்ந்து படித்தேன். வழக்கறிஞரான ஒரு நண்பர் பொறுமையாக விளக்கினார். படித்ததில் புரிந்ததை உங்களுக்கும், இந்த மடலைப் படிக்கும் ஓட்டுநர்களுக்கும் சேர்த்தே சொல்கிறேன்.

அரசாங்க அமைப்பு ஒன்று எடுத்த முடிவை உயர் நீதிமன்றத்தில் கேள்வி கேட்கலாம். முடிவு நல்லதா கெட்டதா என்று நீதிமன்றம் பார்ப்பதில்லை. சட்டப்படி எடுத்ததா, முறையாக எடுத்ததா, அறிவுள்ள எவரும் எடுக்கக்கூடிய முடிவா என்று பார்க்கும். எல்லா அதிகாரத்துக்கும் சட்டத்தில் எல்லை உண்டு என்று நம் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1988-லேயே, அதுவும் உள்துறை அமைச்சருக்கு எதிரான வழக்கிலேயே சொல்லியிருக்கிறது. நீதிமன்றம் தரக்கூடிய ஆணைகளில் ஒன்று, எடுத்த முடிவை ரத்து செய்வது. இன்னொன்று, செய்ய வேண்டிய கடமையைச் செய்யாமல் இருக்கும் அமைப்பைச் செய் என்று கட்டாயப்படுத்துவது. விண்ணப்பத்தை வாங்கி வைத்துக்கொண்டு பதிலே சொல்லாமல் இருந்தால் இந்த இரண்டாவது ஆணையைத்தான் கேட்க வேண்டும். என்ன முடிவு எடுக்க வேண்டும் என்று நீதிமன்றம் சொல்லாது. முடிவெடு, எடுத்ததைச் சொல் என்று சொல்லும்.

ஆனால் நேராகப் போய் வழக்குப் போட்டுவிட முடியாது. 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கும் நீதிமன்ற விதிகளில் 24-ஆவது பிரிவு இதற்கானது. அதற்கு முன் 53-ஆவது பிரிவு இருந்தது. முதலில் அனுமதி கேட்க வேண்டும். எனக்கு இதில் உண்மையான அக்கறை இருக்கிறது, என் வாதத்தில் சாரம் இருக்கிறது என்று காட்டினால்தான் வழக்கையே எடுப்பார்கள். அந்த அனுமதி மனுவை 3 மாதத்துக்குள் போட வேண்டும்.

இந்த இடத்தில் நான் படிப்பதை நிறுத்திவிட்டு விரல் விட்டு எண்ணினேன். செப்டம்பர் 11-லிருந்து மூன்று மாதம் என்றால் டிசம்பர் 11. நாங்கள் கவுண்டருக்குப் போனது டிசம்பர் 2. திரையில் இருந்த தேதியை வைத்துக் கணக்குப் போட்டால், விஷயம் தெரிந்த நேரத்தில் எங்கள் கையில் மிச்சம் ஒன்பதே நாள். பத்து நாள் தாமதமாகப் போயிருந்தால், தாமதத்துக்குக் காரணம் சொல்லி நீதிபதியிடம் கெஞ்சுகிற நிலைமை.

அதோடு முடியவில்லை. சட்டம் வேறு வழி கொடுத்திருந்தால் முதலில் அந்த வழியில் போய்விட்டுத்தான் நீதிமன்றத்துக்கு வர வேண்டும். 2009-ல் நகர மறுசீரமைப்பு ஆணையத்துக்கு எதிரான ஒரு வழக்கில், அமைச்சரிடம் மேல்முறையீடு செய்யும் வழி இருந்தும் அதில் போகாததை உயர் நீதிமன்றம் மனுதாரருக்கு எதிராகவே எடுத்துக்கொண்டது. விதி நியாயமானதுதான். ஆனால் முடிவைச் சொல்லாமலே விட்டால் என்ன ஆகும் என்று பாருங்கள். மேல்முறையீட்டுக்குக் காலம் போய்விட்டது என்று உங்கள் அலுவலகம் சொல்லும். மேல்முறையீடு செய்யாமல் ஏன் வந்தாய் என்று நீதிமன்றம் கேட்கும். ஓட்டுநர் இரண்டு பூட்டிய கதவுக்கு நடுவில் நிற்பார்.

இந்தக் கேள்வியை மற்ற நாட்டு நீதிமன்றங்கள் எப்படிப் பார்த்தன என்று தேடியபோதுதான் எனக்கு மூச்சு வந்தது.

பஞ்சாபில் அமர் சிங் ஹரிகா என்ற அரசு ஊழியரை 1949 ஜூன் 3-ஆம் தேதி வேலைநீக்கம் செய்து ஆணை எழுதினார்கள். ஆணையின் நகல் வேறு சிலருக்குப் போனது. அவருக்குப் போகவில்லை. அவருக்கு அது தெரியவந்தது 1951 மே 28-ஆம் தேதி. வழக்கு இந்திய உச்ச நீதிமன்றம்வரை போனது. ஆணையை எழுதி வைத்துக்கொண்டால் மட்டும் போதாது, சம்பந்தப்பட்டவருக்குத் தெரிவித்தால்தான் அது நடைமுறைக்கு வரும் என்றது நீதிமன்றம். அதே நீதிமன்றம் அதற்கு முன்பே, 1961-ல், நிலம் கையகப்படுத்திய ஒரு வழக்கில், முடிவு எடுத்த நாளிலிருந்து இத்தனை மாதம் என்று சட்டம் சொன்னால், அது பாதிக்கப்பட்டவருக்கு முடிவு தெரிந்த நாளிலிருந்து அல்லது தெரிந்திருக்கக்கூடிய நாளிலிருந்துதான் என்று விளக்கியிருந்தது. சட்டத்தின் எழுத்தில் முடிவு எடுத்த நாள் என்றுதான் இருந்தது. எழுத்தை அப்படியே பிடித்துக்கொண்டால் நியாயம் கெட்டுவிடும் என்று பார்த்தார்கள்.

இங்கிலாந்திலும் இப்படித்தான். அனுஃப்ரியேவா என்ற பெண் அங்கே அடைக்கலம் கேட்டிருந்தார். 1999 நவம்பரில் அவருடைய விண்ணப்பத்தை நிராகரித்து அதிகாரிகள் கோப்பில் குறிப்பு எழுதிவிட்டார்கள். டிசம்பரில் உதவித்தொகை நின்றது. நிராகரிப்புக் கடிதம் அவர் கைக்கு வந்தது 2000 ஏப்ரலில். 2003-ல், அப்போது அந்நாட்டின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. ஒருவரிடம் சொல்லாத முடிவு சட்டப்படி முடிவாகாது. சொன்னால்தானே அவர் நீதிமன்றத்துக்குப் போகவா வேண்டாமா என்று யோசிக்க முடியும் என்பது நீதிபதிகளில் ஒருவரான ஸ்டெய்ன் பிரபு சொன்ன காரணம். கோப்பில் எழுதிய குறிப்பு கோப்பில்தான் இருக்கிறது. அவ்வளவுதான் அதன் பலம்.

இந்தத் தீர்ப்புகள் நம் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. ஆனால் இங்கிலாந்து, இந்தியத் தீர்ப்புகளை எடுத்துப் பார்த்து, பொருந்தினால் பின்பற்றுவது சிங்கப்பூர் நீதிபதிகளுக்குப் புதிது இல்லை.

இன்னொன்றையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். முடிவுக்குக் காரணம் சொல்லியே ஆக வேண்டும் என்ற பொதுவான கடமை நம் நாட்டுச் சட்டத்தில் இல்லை. மேல்முறையீட்டு நீதிமன்றம் 2013-ல் அப்படிச் சொல்லியிருக்கிறது. எனக்கு அதில் வருத்தம் உண்டு, ஆனால் இன்று நான் காரணம் கேட்டு வரவில்லை. ஏன் என்று சொல்வது வேறு, என்ன என்று சொல்வது வேறு. நான் கேட்பது இரண்டாவதை மட்டும்.

சரி, சட்டத்தில் வழி இருக்கிறதே, நீதிமன்றத்துக்குப் போக வேண்டியதுதானே என்று நீங்கள் நினைக்கலாம். விடிகாலை மூன்று மணிக்கு வேலைக்குப் போகிறவர் வழக்கறிஞருக்குப் பணம் கட்டி உயர் நீதிமன்றத்தில் மனுப் போடுவது என்பது பேச்சுக்குத்தான் எளிது. தோற்றால் எதிர்த்தரப்பின் செலவையும் அவர் தலையில் கட்டலாம். ஜெயித்தாலும் போன சம்பளம் தானாகத் திரும்பி வராது. முடிவு முறை தவறியது என்பதற்காக மட்டும் நீதிமன்றம் நட்டஈடு தருவதில்லை, அதற்குத் தனியாக ஒரு உரிமை மீறல் நிரூபணமாக வேண்டும். வேறு நாடுகளில் இப்படிப்பட்ட நிர்வாகக் குறைகளை விசாரிக்கத் தனியாக ஓர் அதிகாரி இருப்பார். 1966-ல் தலைமை நீதிபதி வீ சோங் ஜின் தலைமையில் அமைந்த அரசியல் சாசன ஆணையம் சிங்கப்பூருக்கும் அப்படி ஒருவர் வேண்டும் என்று பரிந்துரைத்தது. அந்தப் பதவி இன்றுவரை உருவாகவில்லை. அதனால்தான் ஓட்டுநர்கள் என் போன்றவர்களின் மேசைக்கு வருகிறார்கள், நாங்கள் உங்களுக்குக் கடிதம் எழுதுகிறோம்.

உங்கள் பக்கத்து நியாயமும் எனக்குத் தெரியும். வீடு மாறினால் 28 நாளுக்குள் புதிய முகவரியைப் பதிய வேண்டும் என்று சட்டம் இருந்தும் பலர் பதிவதில்லை. பதிவு செய்த முகவரிக்கு அனுப்பிவிட்டால் கடிதம் சேர்ந்ததாகவே கருதுவதற்குச் சட்டங்களில் இடம் இருக்கிறது. அது இல்லாவிட்டால் தபால் பெட்டியைத் திறக்காமலே ஒருவர் காலத்தை ஓட்டிவிடலாம். அதெல்லாம் எனக்குச் சம்மதம். என் மேசைக்கு வருகிறவர்களிடமும் முகவரியை மாற்றினீர்களா என்றுதான் முதலில் கேட்கிறேன். ஆனால் அந்த ஏற்பாடு எல்லாம் கடிதத்தை அனுப்பிய பிறகு. அனுப்பாத கடிதத்தை எந்த முகவரியிலும் பெற முடியாது. என் அத்தான் இருபது ஆண்டாக அதே வீட்டில்தான் இருக்கிறார்.

ஆகவே உங்களிடம் நான் கேட்பது பெரிதில்லை. நீங்கள் அனுப்பும் ஒவ்வொரு முடிவுக் கடிதத்திலும் முடிவெடுத்த தேதி, கடிதம் அனுப்பிய தேதி இரண்டையும் போடுங்கள். மேல்முறையீட்டுக் காலத்தை இரண்டாவது தேதியிலிருந்து எண்ணுங்கள், எந்த நாளோடு முடிகிறது என்பதையும் அதே தாளில் எழுதிவிடுங்கள். கடிதம் அனுப்பிய நாள் என்ற கட்டம் காலியாக இருக்கும்வரை, முடிந்தது என்ற குறிப்பைக் கணினி ஏற்கவே கூடாது. நிரல் எழுதுகிறவருக்கு அது ஒரு மதிய வேலை என்று என் மகன் சொல்கிறான், அவன் அந்தத் துறையில்தான் இருக்கிறான். 2024 ஜூன் முதல் பெரும்பாலான அரசாங்க அமைப்புகள் ஒரே பெயரில் எஸ்எம்எஸ் அனுப்புகின்றன. மக்கள் அதை நம்பிப் படிக்கிறார்கள். உங்கள் விண்ணப்பத்தில் முடிவு வந்துவிட்டது, சிங்பாஸ் என்ற அரசாங்க இணையக் கணக்கு வழியாகப் பாருங்கள் என்று அதில் ஒரு வரி அனுப்பலாம். உரிமத்தை ரத்து செய்யும் முடிவு என்றால் அன்றே தொலைபேசியில் கூப்பிட்டுச் சொல்லுங்கள்; வண்டியை எடுக்காதே என்று ஒருவரிடம் சொல்ல மூன்று நிமிடம் போதும்.

அப்புறம் தமிழ். அரசியல் சாசனத்தின் 153ஏ பிரிவில் நம் நான்கு அதிகாரத்துவ மொழிகளில் ஒன்றாகத் தமிழ் இருக்கிறது. முழுக் கடிதமும் தமிழில் வேண்டும் என்று கேட்கவில்லை. "உங்கள் உரிமம் ரத்தாகிறது. இந்தத் தேதிக்குள் மேல்முறையீடு செய்யலாம்." இந்த இரண்டு வரியை நான்கு மொழியிலும் கடிதத்தின் தலையில் அச்சடியுங்கள். ஆங்கிலக் கடிதத்தை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு, ஞாயிற்றுக்கிழமை மகள் வரட்டும் படித்துச் சொல்வாள் என்று காத்திருந்து, மேல்முறையீட்டுக்கு இருந்த பதினான்கு நாளில் ஐந்து நாளை இழந்தவர் ஒருவருக்கு நானே எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

கடிதம் அனுப்பாதது உங்கள் பக்கத்துத் தவறு என்று தெரிந்துவிட்டால், காலம் தாண்டிய மேல்முறையீட்டைச் சலுகை என்று எழுதாதீர்கள். உங்களுக்கு இன்றுதான் தெரிவிக்கிறோம், ஆகவே இன்றிலிருந்துதான் காலம் தொடங்குகிறது என்று எழுதுங்கள். இடைப்பட்ட நாள்களில் அவர் ஓட்டியது குற்றமாகாது என்பதையும் எழுத்தில் கொடுங்கள். அத்தானுக்கு அந்த வரி இன்னும் கிடைக்கவில்லை. உரிமம் கையில் இருந்தும், அந்த 82 நாளை வைத்து என்றைக்காவது ஏதாவது வருமோ என்று அக்கா இப்போதும் என்னிடம் கேட்கிறாள்.

கவுண்டரில் அன்று திரையைத் திருப்பிக் காட்டிய பெண்ணுக்கு இந்த மடலால் எந்தத் தொல்லையும் வரக்கூடாது என்று கேட்டுக்கொள்கிறேன். அவர் காட்டியிருக்காவிட்டால் எங்களுக்கு அந்தத் தேதியே தெரிந்திருக்காது.

அந்தக் கட்டம் ஏன் காலியாக இருந்தது என்று கேட்டு ஜனவரி மாதம் தனியாக ஒரு கடிதம் அனுப்பினேன். பரிசீலனையில் இருக்கிறது என்று ஒரு வரி மின்னஞ்சல் வந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை. இந்த மடலின் நகலை எங்கள் தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரிடமும் கொடுத்திருக்கிறேன். ஜனவரிக் கடிதத்துக்கு முடிவு எடுத்துவிட்டீர்கள் என்றால் தயவுசெய்து தெரிவியுங்கள்.

அன்புடன்,
கடிதம் எழுதித் தரும் ஒரு தொண்டூழியர்
உட்லண்ட்ஸ், சிங்கப்பூர்